சாகிற ஆள்

மாணவனாயிருந்த காலத்தில் ‘ஷேன்’ என்னும் அமெரிக்கத் திரைப்படத்தை முதன்முதலாகப் பார்த்தேன். விடுதிக்குத் திரும்பும் வழியெல்லாம் நண்பர்கள் கதாநாயகனின் துப்பாக்கி வேகத்தையும், கறுப்புக் கையுறை அணிந்த கொலைஞனின் தோற்றத்தையும் வியந்து பேசிக்கொண்டு வந்தனர். எனக்கோ சேற்றிலே மல்லாந்து கிடந்த ஒரு சிறு மனிதரின் நினைவே நீங்காதிருந்தது. அந்த நடிகரின் பெயர் என்னவென்று கேட்டேன். ஒருவருக்கும் தெரியவில்லை. “ஆர், அந்தச் சாகிற ஆளோ?” என்று திருப்பிக் கேட்டார் ஒருவர். நானும் மற்றவர்களோடு சேர்ந்து சிரித்தேன்.

அவர் பெயர் எலிஷா குக். 1903இல் சான் பிரான்சிஸ்கோவிற் பிறந்தவர். 1995இல், தமது தொண்ணூற்றோராவது வயதிற் காலமானவர். இடைப்பட்ட காலத்தில் ஏறத்தாழ அறுபதாண்டுகள் திரைப்படங்களிலும் பின்னர் தொலைக்காட்சியிலும் நடித்தார். அப்படங்கள் பலவற்றில் அவருக்கு விதிக்கப்பட்டது இறப்புத்தான். துணை நடிகர்களுக்கென ஒஸ்கார் விருது 1936ஆம் ஆண்டுப் படங்கள் தொடக்கம் வழங்கப்பட்டு வந்துள்ளது. ஆரம்ப ஆண்டுகளில் அவர்களுக்கு முழுச் சிலையன்றி நினைவுப்பலகை மாத்திரமே கிடைத்தது என்பது மனங்கொள்ளத்தக்கது. அப்பலகையை வோல்ற்றர் பிறெனன் மும்முறை பெற்றார். குக்கின் பெயரோ விருதுக்கான முன்மொழிவுப் பட்டியலில் ஒருமுறையேனும் இடம்பெற்றதில்லை. 1953இல் வெளியான ‘ஷேன்’ படத்துக்காகக் கொலைஞனாக நடித்த ஜாக் பலான்ஸ் முன்மொழியப்பட்டார். கொன்றவரின் பெயர் பட்டியலில் ஏறிற்று. கொல்லப்பட்டவரின் பெயர் ஏறவில்லை.

அக்காட்சியைப் பிற்காலத்திற் பலமுறை பார்த்திருக்கிறேன். ரொறி என்னும் குடியேற்றவாசி மதுக்கடையை நோக்கி வருகிறான். கொலைஞன் மேலே மரப்பலகை நடையில் உலர்ந்த இடத்தில் நிற்கின்றான். ரொறி கீழே சேற்றிற் கால் வழுக்க நடக்கின்றான். மேலே நிற்பவன் அவனுடைய தென்மாநிலத்தையும் அவன் போற்றும் தளபதிகளையும் இகழ்கின்றான். ரொறிக்குத் தான் வெல்ல மாட்டேன் என்பது தெரியும். ஆயினும் கை துப்பாக்கியை நோக்கிப் போகிறது. பாதி எடுத்த நிலையில், எதிரியின் துப்பாக்கி ஏற்கெனவே தன்னை நோக்கியிருப்பதைக் கண்டு உறைந்து நிற்கின்றான். அந்தக் கணம் நீள்கிறது. பிறகே வெடி. இயக்குநர் ஜோர்ஜ் ஸ்ரீவன்ஸ் குக்கின் உடலிற் கம்பியைப் பிணைத்துப் பின்னோக்கி இழுக்கச் செய்து அந்த வீழ்ச்சியைப் படமாக்கினார். கம்பி உடலை இழுத்தது உண்மையே. ஆனால், அதற்கு முந்திய கணத்தில் அம்முகத்திற் படர்ந்த அச்சத்தையும், அச்சத்தினூடும் விட்டுக்கொடாத வீம்பையும் எக்கம்பியாலும் இழுத்திருக்க முடியாது. படத்தின் பிற்பகுதி முழுவதும் கதாநாயகன் ஏன் துப்பாக்கியைக் கையிலெடுக்க வேண்டும் என்ற வினாவுக்கு நாம் விடை தேடுவதில்லை. ரொறி சேற்றில் அதைச் சொல்லிவிட்டுப் போய்விட்டான்.

குக் நாடக மேடையிலிருந்து வந்தவர். 1933இல் யூஜின் ஓ’நீலின் நாடகமொன்று நியூயோர்க்கில் அரங்கேறியபோது அதில் முக்கியமான இளைஞன் பாத்திரத்தை ஏற்றிருந்தார். திரையுலகம் அவரது சிற்றுடலையும் அகன்ற விழிகளையும் கண்டு வேறொரு வேலைக்கு நியமித்தது. 1941இல் ஜோன் ஹூஸ்டன் இயக்கிய முதற்படமான ‘மோல்ற்றீஸ் பல்கன்’ என்பதில் இரு துப்பாக்கிகளைச் சுமந்து திரியும் அடியாள் வில்மராக வந்தார். அப்போது அவருக்கு வயது முப்பத்தேழு. படத்தில் அவரை எல்லோரும் பையன் என்றே நடத்துகின்றனர். தன்னை மகனைப்போல் நேசிப்பதாகக் கூறிய தலைவனே தன்னைப் பொலிசாரிடம் பலியாகக் கொடுக்க உடன்படுவதைக் கண்டு வில்மரின் கண்கள் நிரம்புகின்றன. அவ்விடத்திற் சிரிப்பதா இரங்குவதா என்று எனக்கு இன்றும் தெரியாது.

இங்கே என் சொந்தக் கதை ஒன்றைச் சொல்லியாக வேண்டும். விடுதி நாடகமொன்றில் எனக்குத் தூதுவன் வேடம் கிடைத்தது. மூன்று வசனங்கள். அவமானமாகக் கருதினேன். மேடையேறிய இரவு அவற்றை ஒரே மூச்சில் ஒப்புவித்துவிட்டு உள்ளே ஓடினேன். நான் கொண்டுவந்த செய்தி ஓர் அரசனின் மகன் இறந்த செய்தி. அரசனாக நடித்த நண்பர் அழ முற்பட்டபோது சபை அழவில்லை. குறை அவரிடம் என்றே நெடுநாள் நம்பியிருந்தேன்.

அந்நம்பிக்கையைக் குலைத்தது ‘பிக் ஸ்லீப்’ என்ற படம். ஹவார்ட் ஹோக்ஸ் இயக்கி 1946இல் வெளிவந்தது. கதைச் சிக்கலை எத்தனை முறை பார்த்தும் என்னால் முற்றாக அவிழ்க்க முடியவில்லை. அதில் ஹரி ஜோன்ஸ் என்ற சிறு மனிதராகக் குக் சில நிமிடங்களே தோன்றுகின்றார். தாம் மணக்கவிருக்கும் ஆக்னெஸ் என்பவளுக்காக, இருநூறு டொலருக்கு ஒரு செய்தி விற்க வருகிறார். அவள் உமக்கு அளவுக்கு மிஞ்சியவள் என்று துப்பறிவாளர் மார்லோ கேலி செய்கிறார். ஜோன்ஸ் முகம் சிவந்து சண்டைக்குப் போகவில்லை. அப்படிப் பேசுவது இழிவென்று சொல்கிறார், அவ்வளவே. மார்லோ தவறை ஒப்புக்கொள்கிறார். அக்கேலிக்கு அரங்கில் நாங்கள் சிரித்திருந்தோம். எங்களிடமும் அந்த மன்னிப்பு கேட்கப்பட்டதுபோல் இருந்தது.

பின்னர் கொலைஞன் ஒருவன் ஜோன்ஸை மிரட்டி ஆக்னெஸின் இருப்பிடத்தைக் கேட்கிறான். மார்லோ அடுத்த அறையிலிருந்து கேட்டுக்கொண்டிருக்கிறார். ஜோன்ஸ் ஒரு முகவரியைக் கூறுகிறார். கொலைஞன் நஞ்சு கலந்த மதுவை நீட்டுகிறான், குடித்து இறக்கிறார். அவர் கூறிய முகவரி பொய் என்பது பிறகே தெரிகிறது. உயிர் போகும் தறுவாயிலும் அவளைக் காட்டிக்கொடுக்கவில்லை. ஆக்னெஸோ பணத்தைப் பெற்றுக்கொண்டு ஊரைவிட்டுப் போய்விடுகிறாள். இக்காட்சியிற் குக் தமது துணிவைச் சிறிதும் வெளிக்காட்டவில்லை என்பதே வியப்பு. பயந்தவனின் குரலிலேயே பொய் சொல்கிறார். கதாநாயகனாக நடிக்கும் எவரும் அவ்விடத்திற் கண்ணில் ஒரு மின்னலையாவது காட்டி, தாம் வீரன் என்பதை நமக்கு உணர்த்தியிருப்பார்.

இதே நடிகர் பத்தாண்டுகளின் பின் குப்றிக்கின் ‘த கில்லிங்’ படத்தில், குதிரைப் பந்தயத் திடலின் காசாளராக வந்தார். மனைவி மதிக்க வேண்டுமென்பதற்காகவே கொள்ளைத் திட்டத்தை அவளிடம் உளறி எல்லோரையும் அழிக்கிறார். ஜோன்ஸின் அன்பும் காசாளரின் அன்பும் ஒரே முகத்தில் எழுதப்பட்டவை. ஒன்று காத்தது, மற்றது கெடுத்தது. விமரிசகர் சிலர் அவரைக் கோழைகளின் நடிகர் என வகைப்படுத்துவதை என்னால் ஏற்க இயலாது. அவருடைய மனிதர்கள் பலருக்கு உயிரைவிட மதிப்பே பெரிதாயிருந்தது. அது அவர்களின் சக்திக்கு மிஞ்சிய ஆசையாக இருந்தது என்பதுதான் கதை.

பிற்காலத்தில் ‘றோஸ்மரிஸ் பேபி’ (1968) படத்தில் வீடு காட்ட வரும் முகாமையாளராகவும், எண்பதுகளில் ‘மக்னம்’ தொலைக்காட்சித் தொடரில் வயது முதிர்ந்த நிழலுலகப் புள்ளியாகவும் தோன்றினார். இவற்றைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை.

ஹூஸ்டன் அவரைப் பற்றிக் கூறிய செய்தி ஒன்று உண்டு. படப்பிடிப்பு இல்லாத நாள்களில் குக் சியெரா நெவாடா மலைமேல் தனியே வாழ்ந்து, தூண்டிலுக்கான பொய் ஈக்களைத் தாமே கட்டி, பொன்னிற ற்ரவுட் மீன் பிடித்துக்கொண்டிருப்பாராம். ஹொலிவூட்டுக்கு அவர் தேவைப்பட்டால் மலைக்கு ஆளனுப்புவார்களாம். அவர் இறங்கி வந்து, தமக்குரிய வேடத்தை நடித்துவிட்டு, மறுபடியும் மலையேறிவிடுவாராம்.