ஏரியில் பாடு இல்லை, திடலில் இடம் இல்லை

"கிரவுண்டுக்காகவா சண்டை?" என்றார் அப்பா. "ஏரியிலேயே நமக்குப் பாடு கிடையாது. அதைக் கேக்காம பந்தடிக்க இடம் கேக்குறீங்க."

காட்டூர்ப் பக்கம் வராத தோழர்களுக்காகச் சொல்கிறேன். பழவேற்காடு ஏரியில் எந்த நாளில், எந்த இடத்தில், யார் வலை கட்டுவது என்று முறைவைத்துப் பிரித்துக்கொள்வதுதான் பாடு. அது பட்டினவர் ஊர்களின் உரிமை. எங்கள் ஆட்களுக்கு அதில் பங்கில்லை. சேற்றில் இறங்கிக் கையால் இறால் தடவிப் பிடித்தே வாழ்ந்தவர் அப்பா. அவர் கோபத்தில் நியாயம் உண்டு.

எனக்கு அன்று பதினாறு வயது. பக்கத்து ஊர் ஒன்றில் கிரிக்கெட் போட்டி. நுழைவுக் கட்டணத்தை வாங்கிக்கொண்டார்கள். நாங்கள் எந்தத் தெரு என்று தெரிந்ததும் திருப்பிக் கொடுத்தார்கள். "உங்க பக்கம் ஏரிக்கரையில ஆடிக்கங்கப்பா." யாரும் அடிக்கவில்லை, சாதிப் பெயரைச் சொல்லித் திட்டவில்லை. அதனாலேயே வீட்டில் எப்படிச் சொல்வதென்று தெரியவில்லை. வழியெல்லாம் பணத்தை எண்ணிக்கொண்டே நடந்தோம். சரியாக இருந்தது.

"முதலில் நிலம், தண்ணீர், விளையாட்டெல்லாம் அப்புறம்" என்ற பேச்சை நம் கூட்டங்களிலும் கேட்டிருக்கிறேன். நம் முன்னோர் அப்படி வரிசை போடவில்லை. 1924இல் சென்னை சட்டமன்றத்தில் ரெட்டமலை சீனிவாசன் கொண்டுவந்த தீர்மானம் சாலை, கிணறு, குளத்தோடு பொதுமக்கள் கூடும் இடங்களையும் சேர்த்தே கேட்டது. அரசமைப்பின் 15(2) பிரிவு கிணறு, குளம், படித்துறையைச் சொல்லும் அதே மூச்சில் பொதுக் கேளிக்கை இடங்களையும் சொல்கிறது. 2015இல் திருத்தப்பட்ட வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் அங்கே நுழையவிடாமல் தடுப்பதும் குற்றம். ஆனாலும் 2023 மார்ச்சில், சென்னை ரோகிணி தியேட்டர் வாசலில், கையில் டிக்கெட்டோடு நின்ற நரிக்குறவர் குடும்பத்தைத் தடுத்ததை நாம் வீடியோவில் பார்த்தோம். (வீடியோ இல்லையென்றால்?)

அந்தத் திடல் அரசுப் புறம்போக்கு என்பதைப் பல வருடம் கழித்துத்தான் தெரிந்துகொண்டேன். திங்கட்கிழமை குறைதீர் கூட்டத்தில் மனு கொடுத்தோம், மூன்று முறை. இன்று நம் பையன்கள் அங்கே ஆடுகிறார்கள். ஊர்ப் பையன்கள் ஆடி முடித்த பிறகு, வெயிலில். இதை வெற்றி என்று எழுதக் கை வரவில்லை.

போன வாரம் அக்கா மகள் கேட்டாள்: "மாமா, அந்த மனுவில எங்க பேரு இருந்துச்சா?" இல்லை. பதினொரு பையன்கள் பேர் மட்டும்தான். நாலாவது மனுவை அவளே எழுதுகிறாள்.